நானூறு ஆடும் ஒரு கேக்கும்

மணற்பூமியான டாரபூலில் யாரிடமாவது "எப்படி இருக்கே?" என்று கேட்டுப் பாருங்கள். "பரவாயில்ல" என்பார்கள். கால் முறிந்து கட்டிலில் கிடக்கிறவனும் பரவாயில்லைதான், கல்யாணம் நின்றுபோனவளும் பரவாயில்லைதான். பெர்ட் ஹானகனின் சுண்டுவிரலை அறுவடை இயந்திரம் தின்ற அன்று, ரத்தம் சொட்டச் சொட்டத் துண்டைச் சுற்றிக்கொண்டு போனவனிடம் நர்ஸ் கேட்டாள். "பரவாயில்லம்மா, அது ஒண்ணும் அவ்வளவா வேலைக்கு உதவாத விரல்" என்றானாம். இதை ஊரே பெருமையாக வேறு சொல்லிக்கொள்ளும்.

ஹில்டா நோஸ்கியும் அதே மணலில் பிறந்து வளர்ந்தவள்தான். ஆனால் எண்பத்திரண்டாம் வருஷத்து வறட்சி அவளையே அசைத்துவிட்டது. ஏப்ரல் கடைசியில் வர வேண்டிய மழை வரவில்லை. ஜூனில் ஒரு தூறல் போட்டது. அதை நம்பி முளைத்த கோதுமை ஒரு விரல் உயரம் வந்து, வந்த வழியே திரும்பிப் போயிற்று. அப்புறம் காற்று. உழுத மணல் எழும்பி வேலியையே மூடியது. ஆடுகள் வேலிக்கு மேலே நடந்து பக்கத்து நிலத்துக்குப் போய், அங்கேயும் ஒன்றுமில்லை என்று பார்த்துவிட்டுத் திரும்பி வந்தன. தேவாலயத்தில் பாதிரியார் மழைக்கு ஜெபித்தபோதுகூட "உமக்குச் சௌகரியப்பட்டால்" என்று சேர்த்துத்தான் ஜெபித்தார். கடவுளைத் தொந்தரவு செய்ய அவருக்கும் கூச்சம்.

நிலம் அவள் புருஷன் க்ளெம் பெயரில் இருந்தது, ஆடுகள் அவளுடையவை. அவள் அப்பா விட்டுப் போனது நாற்பது. இருபத்தாறு வருஷம் இது நிற்கட்டும், அது போகட்டும் என்று பொறுக்கிப் பொறுக்கி அதை நானூறு தாயாடாக ஆக்கியிருந்தாள். அவள் மந்தைக்கு நாய் வேண்டாம். வாசலில் நின்று "ஹோ, வாங்கடி" என்று ஒரு குரல் கொடுத்தால் நானூறும் வந்துவிடும். இப்போது அவற்றை வாங்க ஆள் கிடையாது, எல்லோரும் விற்கத்தான் நின்றார்கள். கொட்டகையில் மூன்று வாரத்துக்குத்தான் புல்கட்டு இருந்தது. தெற்கே கடலோரத்தில் புல் மலிந்து கிடந்தது. ஒரு மாவட்டத்தை வறட்சி மாவட்டம் என்று அரசாங்கம் அறிவித்துவிட்டால், அந்தப் புல் ரயிலில் இலவசமாக வந்து இறங்கும். அறிவிக்காவிட்டால் குழி வெட்டி அத்தனையையும் சுட்டுத் தள்ள வேண்டியதுதான். நடுவழி என்று ஒன்று இல்லை.

பக்கத்து மாவட்டமான பர்ச்சிலுக்கு நவம்பரிலேயே அறிவித்துவிட்டார்கள். எப்படி என்று கேளுங்கள். 'வயலோரம்' என்று ஒரு டிவி நிகழ்ச்சி, ஞாயிற்றுக்கிழமை மதியம் பன்னிரண்டு மணிக்கு. ஒரு டிராக்டர் திரையில் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குப் போகும், பின்னால் ஊதுகொம்பு கேட்கும், அப்புறம் கோதுமைக்கு வரும் துரு நோய், வெட்டுக்கிளி, விவசாயியின் கஷ்டம் என்று அரைமணி நேரம் ஓடும். டிவி இல்லாதவர்களும் பக்கத்து வீட்டில் போய் உட்கார்ந்து பார்ப்பார்கள். நகரத்தில் அமைச்சரே ஞாயிற்றுக்கிழமைக் கறியை வெட்டிக்கொண்டு பார்ப்பார் என்று பேச்சு. அந்த நிகழ்ச்சியில் பர்ச்சில்காரன் லெஸ் பாட்டன் வேலிக்கம்பத்தில் சாய்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதான். பத்தாம் நாள் ரயில் வந்துவிட்டது.

டாரபூல் என்ன செய்தது? முகத்தைச் சுளித்தது. "அவனோட அப்பன் இருந்திருந்தா வெக்கத்துலயே செத்திருப்பான்" என்றான் பெர்ட். அழுத பிள்ளை பால் குடித்தது, அழாத பிள்ளை அதைப் பார்த்துக் கேலி செய்தது.

ஹில்டா மட்டும் கேலி செய்யவில்லை. யாரிடமும் சொல்லாமல் 'வயலோர'த்துக்கு ஒரு கடிதம் எழுதிப் போட்டாள். ஜனவரி நடுவில் பதில் வந்தது. அடுத்த வியாழக்கிழமை வருகிறோம், ஊராரைச் சந்திக்கிறோம், உங்கள் வீட்டிலிருந்தே ஆரம்பிக்கலாம் என்று எழுதியிருந்தார்கள்.

அன்றே ஊர் மண்டபத்தில் கூட்டம். மாவட்டக் கவுன்சில் தலைவர் எர்ன் டகெட் தலைமை தாங்கினார், அவர் மனைவி ஐவி முதல் வரிசையில் பின்னல் வேலையோடு உட்கார்ந்திருந்தாள். ஐவிதான் தபால் நிலையத்தை நடத்துகிறவள். ஊருக்கு வரும் கடிதத்தை உறையோடு பார்த்தே உள்ளே இருப்பதைச் சொல்லிவிடுவாள்.

ஹில்டா எழுந்து நின்றாள். "நான் ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். ஒருநாள், ஒரே ஒருநாள், உள்ளத உள்ளபடி சொல்லுங்க. அவங்க கேக்கறப்ப யாரும் 'பரவாயில்ல'ன்னு சொல்லக்கூடாது."

"அப்ப அழணுங்கறியா?" என்றான் பெர்ட்.

"அழ வேணாம். நீ சிரிக்காம இருந்தாலே போதும்."

"இது நம்மால ஆகாத காரியமா என்ன," என்றார் எர்ன் டகெட். "ஹில்டா சொல்றது நியாயம். வாயுள்ள பிள்ளைதான் பிழைக்கும். ஆட்டக் காட்டுவோம், மணல்ல பொதஞ்ச வேலியக் காட்டுவோம், காஞ்ச ஏரியக் காட்டுவோம். ஆட்சேபம் உண்டா?"

ஆட்சேபம் இல்லை. ஹில்டாவுக்கு மூச்சு வந்தது. அப்போது ஐவி பின்னலை மடியில் வைத்தாள்.

"அதெல்லாம் சரி. வர்றவங்களுக்கு சாப்பிட என்ன?"

மண்டபமே நிமிர்ந்து உட்கார்ந்தது. இத்தனை நேரம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்த பெண்கள் எல்லோருக்கும் ஒரே சமயத்தில் உயிர் வந்தது.

"ஒரு டீ, ரெண்டு பிஸ்கட் போதும் ஐவி," என்றாள் ஹில்டா. "பஞ்சத்தப் பாக்க வர்றாங்க. விருந்துக்கு இல்ல."

"டீயும் பிஸ்கட்டுமா! நாளைக்கு பர்ச்சில்காரி என்ன பேசுவா? இருநூறு மைல்லேர்ந்து வந்தவனுக்கு டாரபூல்ல ஒரு வாய் கேக்குக்கு வழியில்லன்னு சொல்லுவா. என் தலையே போனாலும் சரி, நான் ஸ்பாஞ்ச் கேக் கொண்டு வர்றேன்."

ஐவியின் ஸ்பாஞ்ச் கேக் முப்பது வருஷமாக எழும்பாத கேக். தட்டில் இன்னொரு தட்டை வைத்த மாதிரி இருக்கும். ஊரில் எல்லோருக்கும் அது தெரியும், ஐவிக்குத் தவிர. யாரும் சொன்னதில்லை. "பரவாயில்ல ஐவி" என்று சொல்லித் தின்றுவிடுவார்கள்.

அடுத்த ஒரு வாரம் டாரபூலில் நடந்ததை என்னவென்று சொல்ல! பள்ளிக்கூடத்துச் சுவருக்கு வெள்ளையடித்தார்கள். ரோட்டோரம் செத்துக் கிடந்த ஆடுகளை ஆறு பேர் வண்டி கட்டிப் பொறுக்கிக் காட்டுக்குள் கொண்டுபோய் மறைத்தார்கள், வருகிறவர்கள் கண்ணில் பட்டால் அசிங்கமாம். முப்பது கிலோமீட்டரிலிருந்து லாரியில் கொண்டு வந்த குடிதண்ணீரில் எர்ன் டகெட் தன் காரைக் கழுவினார். சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்கிறவர்களைப் பார்த்திருக்கிறோம். ஒரு ஊரே சேர்ந்து வைத்துக்கொண்டதை அந்த வாரம்தான் பார்க்க வேண்டும். ஹில்டா வீடு வீடாகப் போய்ச் சொல்லிப் பார்த்தாள். எல்லோரும் "நீ சொல்றது ரொம்பச் சரி ஹில்டா" என்று தலையாட்டிக்கொண்டே ஜன்னல் கண்ணாடியைத் துடைத்தார்கள்.

நான் மட்டும் ஒன்றும் செய்யமாட்டேன் என்று அவள் வைராக்கியமாக இருந்தாள். வியாழக்கிழமை விடிகாலை ஐந்து மணி வரைக்கும் அந்த வைராக்கியம் நின்றது. கண் விழித்தவளுக்கு ஒரு காட்சி தோன்றியது: தன் வீட்டில், தன் மேஜையில், தன் அம்மாவின் பூப்போட்ட தட்டில், ஐவியின் கேக். அதை ஊர் உலகமெல்லாம் டிவியில் பார்க்கிறது. இது நோஸ்கி வீட்டுக் கேக் என்று நினைக்கிறது. அவளால் படுத்திருக்க முடியவில்லை. எழுந்து ஆறு முட்டையை உடைத்தாள். பக்கத்து ஊரிலிருந்து வந்த பாலாடை கடைசியாக ஒரு கிண்ணம் இருந்தது, அதையும் எடுத்தாள். அடுப்பிலிருந்து வெளியே வந்தபோது கேக் ஒரு சாண் உயரம் நின்றது. வறட்சியில் முட்டைக்கு மட்டும் என்ன வந்ததோ, அவள் வாழ்நாளிலேயே அப்படி ஒரு கேக் வந்ததில்லை. நாசமாய்ப் போக என்று வாய்விட்டுச் சொன்னாள், சந்தோஷத்தோடுதான்.

க்ளெம் கல்யாண கோட்டைப் போட்டுக்கொண்டு சமையலறைக்குள் வந்தான். கழுத்துப் பட்டி, பாலிஷ் போட்ட பூட்ஸ், சவரம் செய்த இடத்தில் ஒரு கீறல்.

"ஏன்யா, டிவிக்காரன் வர்றானா, பொண்ணு பாக்க வர்றானா?" என்றாள்.

"உன் கேக் மட்டும் என்னவாம்?"

ஜன்னல் வழியாக வெளியே பார்த்தாள். ரோட்டை ஒட்டிய முன்வயலில் ஆடுகள் நின்றன. நின்றன என்பதுதான் விஷயம். ஒரு மாதமாக அவை எழுந்து நிற்பதற்கே யோசித்துக்கொண்டிருந்தவை. இப்போது நல்லதாகப் பார்த்துப் பொறுக்கிய எண்பது ஆடு தலையைத் தூக்கி, வயிறு தெரிய, சந்தைக்கு வந்த மாதிரி நின்றுகொண்டிருந்தன.

"க்ளெம். அதுங்களுக்கு என்ன போட்ட?"

அவன் கழுத்துப் பட்டியைச் சரி செய்தான். "நாலு நாளா கொஞ்சம் சேத்துப் போட்டேன்."

அவள் கொட்டகைக்கு ஓடினாள். மூன்று வாரத் தீனி இருந்த இடத்தில் ஏழெட்டுக் கட்டு கிடந்தது. மற்றது தரை. பின்னாலேயே வந்த க்ளெம் வாசலில் நின்றான்.

"கந்தலும் கூளமுமா அதுங்கள டிவில காட்ட எனக்கு மனசு வரல ஹில்டா. இருபத்தாறு வருஷம் நீ பாத்துப் பாத்து வளத்தது. நாலு பேரு பாத்து, இது யார் மந்தைன்னு கேக்கணும்ல."

அடிக்க வேண்டும் போலவும் இருந்தது, கட்டிக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது. இரண்டும் செய்யவில்லை. ரோட்டில் புழுதி கிளம்பிவிட்டது. டிவிக்காரர்கள் வந்துவிட்டார்கள்.

வந்தவர்கள் மூன்று பேர். கேமராவுக்கு ஒருவர், ஒலிக்கு ஒருவர். கேள்வி கேட்கிறவர் நைஜல் ஃபேர்லி, ஞாயிற்றுக்கிழமைதோறும் பார்க்கிற முகம். நேரில் கொஞ்சம் குள்ளம். நல்ல மனிதர்தான், அவரைக் குறை சொல்லிப் பயனில்லை. வாயைத் திறந்து சொன்னால் கேட்டுக்கொள்ளத் தயாராகத்தான் வந்தார்.

முதலில் எர்ன் டகெட்டை வேலியோரம் நிறுத்தினார்கள். "தலைவரே, இந்த வறட்சி உங்க மாவட்டத்த எப்படிப் பாதிச்சிருக்கு?"

எர்ன் தொண்டையைக் கனைத்தார். ஹில்டா அவர் கண்ணையே பார்த்தாள். "கொஞ்சம் காஞ்சாப்பலதான் இருக்கு" என்றார்.

"கொஞ்சமா?"

"சுமாரா காஞ்சிருக்கு."

ஹில்டா கண்ணை மூடிக்கொண்டாள். அடுத்தது பெர்ட். அவன் நிலத்தில் அந்த வருஷம் ஒரு மூட்டை கோதுமை விளையவில்லை. "நாப்பத்திநாலுல இதவிட மோசம் சார்," என்றான். "அப்ப மணல் வீட்டுக்குள்ளயே வந்துருச்சு. எங்கப்பா படுக்கையறையில உருளைக்கிழங்கு போடலாமான்னு யோசிச்சாரு." சொல்லிவிட்டுச் சிரித்தான். நைஜல் ஃபேர்லி சிரித்தார். கேமராக்காரரும் சிரித்து, கேமரா ஆடி, மறுபடி ஒருமுறை எடுத்தார்கள். மறுபடியும் அதே சிரிப்பு.

க்ளெம்மின் முறை வந்தபோது அவன் முன்வயலைக் காட்டினான். "உங்க ஆடுங்க நல்லா இருக்கே!" என்றார் நைஜல், உண்மையான ஆச்சரியத்தோடு. க்ளெம் கோட்டுப் பொத்தானைத் தடவினான். "என் மனைவியோட மந்தை சார். பரவாயில்லாம இருக்கு." நல்ல வேளையாகப் பின்வயலில் முந்நூற்று இருபது எழுந்திருக்க முடியாமல் கிடந்ததை அவர்கள் பார்க்கவில்லை. நல்ல வேளை என்றுதான் அன்று ஊர் நினைத்தது.

கடைசியாக ஹில்டாவின் சமையலறை. மேஜையில் பதினோரு வீட்டுப் பலகாரம். ஐவியின் தட்டை கேக் ஓரத்தில், ஹில்டாவின் கேக் நடுவில். பெண்கள் சுவரோரம் வரிசையாக நின்றார்கள். சோறு கண்ட இடம் சொர்க்கம் என்பார்களே, அதுபோல் மூன்று பேரும் நன்றாகச் சாப்பிட்டார்கள். அப்புறம் விளக்கைப் போட்டு, கேமராவை ஹில்டாவின் பக்கம் திருப்பினார்கள். அவள் ஒரு வாரமாகக் கண்ணாடி முன் நின்று சொல்லிப் பார்த்த வாக்கியம், மூன்று வாரம் என்றிருந்தது சில நாள் என்று மாறி, நாக்கு நுனியில் இருந்தது. என்னிடம் நானூறு தாயாடு, இன்னும் சில நாள்தான் தீனி, புல் வராவிட்டால் அத்தனையும் குழிக்குள் போகும். அவ்வளவுதான், பதினைந்து வார்த்தை தேறாது.

"மிஸஸ் நோஸ்கி," என்றார் நைஜல். "முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். இப்படி ஒரு கேக்க நான் நகரத்துலகூட சாப்பிட்டதில்ல. இந்த வறட்சியில எப்படி முடியுது உங்களால?"

சுவரோரம் இருந்த பதினோரு பெண்களும் மூச்சை அடக்கினார்கள். ஹில்டாவுக்குக் கன்னம் சூடேறியது. நாக்கில் சனி வந்து உட்கார்ந்தான்.

"அதுக்கென்ன," என்று தன் குரலே சொல்வது கேட்டது. "முட்டை நல்லா அடிச்சா போதும். நாங்க எப்படியும் சமாளிச்சுக்குவோம்."

விளக்கை அணைத்துவிட்டார்கள்.

பெட்டிகளை வண்டியில் ஏற்றுகிறபோது அவள் வாசலைத் தாண்டி ஓடி, நைஜல் ஃபேர்லியின் கார்க் கதவைப் பிடித்தாள். அவள் சொன்னாள், ஐயா, எல்லாவற்றையும் சொன்னாள். நானூறு, நாற்பதிலிருந்து வந்த கதை, பின்வயலில் கிடப்பவை, குழி, காரைக் கழுவின தண்ணீர், கொட்டகையின் வெறுந்தரை. கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்து முகத்துப் புழுதியில் கோடு போட்டது. அவர் தொப்பியைக் கழற்றிவிட்டார்.

"இத அங்கயே சொல்லியிருக்கக் கூடாதாம்மா?" என்றார். அப்புறம் திரும்பிப் பார்த்து, "கேமராவ இறக்குப்பா. அஞ்சு நிமிஷம். பின்வயலுக்குப் போய் அங்கயே எடுத்துடலாம். இப்ப எங்கிட்ட சொன்னத அப்படியே சொல்லுங்க, போதும்."

பகவான் இரண்டாவது தடவை கதவைத் திறப்பது எத்தனை பேருக்கு வாய்க்கும்? கேமரா பெட்டியிலிருந்து வெளியே வந்தது. ஹில்டா திரும்பிப் பார்த்தாள். வராந்தாவில் ஊர் மொத்தமும் கையில் தட்டோடு நின்றுகொண்டிருந்தது. எர்ன், பெர்ட், ஐவி. ஒருவர் வாயிலும் மெல்லுகிற அசைவு இல்லை. க்ளெம் கல்யாண கோட்டில், ஒருபக்கம் சாய்ந்த கழுத்துப் பட்டியோடு. பின்வயலைக் காட்டினால், அவன் செய்தது என்னவென்று இத்தனை பேருக்கும் தெரிந்துபோகும்.

அவள் முந்தானை போல மேலங்கியின் நுனியை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"வேணாம் சார். உங்களுக்கு நேரமாகுது. ரோடு தூரம்." அப்புறம் சொன்னாள், "வழியில சாப்பிட கொஞ்சம் கேக் கட்டித் தரட்டுமா?"

நைஜல் ஃபேர்லி கழற்றிய தொப்பியைத் திரும்பப் போட்டுக்கொண்டு, தரச் சொன்னார்.

பிப்ரவரி முதல் ஞாயிறு, மதியம் பன்னிரண்டு. மண்டபத்தில் எர்ன் வீட்டு டிவியைக் கொண்டு வந்து வைத்து எல்லோரும் பார்த்தார்கள். டிராக்டர் போயிற்று, ஊதுகொம்பு ஊதிற்று. 'தலை வணங்காத டாரபூல்' என்று தலைப்பு வந்ததும் கைதட்டல். வெள்ளையடித்த பள்ளிக்கூடம் வந்தது. எண்பது ஆடு வந்தது. பெர்ட்டின் உருளைக்கிழங்குக்கு மண்டபமே சிரித்தது. கடைசியில் ஹில்டாவின் கேக் திரை நிறைய நின்றது, கத்தி இறங்கியது, பாலாடை வழிந்தது. "எவ்வளவு லட்சணமா வந்துருக்கோம் பாரு!" என்று ஐவி அவள் தோளைத் தட்டினாள். அவளுடைய தட்டை கேக் ஓரத்தில் அரை நொடி வந்ததில் அவளுக்குப் பரம திருப்தி.

அமைச்சரும் பார்த்திருக்கிறார். பன்னிரண்டாம் நாள் கடிதம் வந்தது. எர்ன் மண்டபத்தில் வாசித்தார். டாரபூல் மக்களின் மன உறுதி மாநிலத்துக்கே முன்மாதிரி என்று முதல் பத்தியில் இருந்தது. அதை இரண்டு தடவை வாசித்தார். இரண்டாவது பத்தியில், தற்போதைய நிலையில் உதவி மேலும் அவசியப்படும் மாவட்டங்களுக்கே என்று இருந்தது. அதை ஒரு தடவை வாசித்தார். அப்புறம் யாரும் கைதட்டவில்லை.

பிப்ரவரி கடைசியில் கவுன்சில் இயந்திரம் பின்வயலில் குழி வெட்டியது. க்ளெம்மும் பெர்ட்டும் துப்பாக்கியோடு வந்தார்கள். ஆடுகள் பயந்து சிதறின, இருந்த கொஞ்ச நஞ்ச பலத்தோடு. பெர்ட்டின் நாயால் ஒன்றும் ஆகவில்லை. கடைசியில் ஹில்டாவே குழிக்கு அந்தப் பக்கம் போய் நின்று, "ஹோ, வாங்கடி" என்று குரல் கொடுத்தாள். வந்தன. எழுந்து நடக்க முடிந்த ஒவ்வொன்றும் அந்தக் குரலை நம்பி வந்தது. அவள் அழுதாள், சத்தம் போட்டே அழுதாள். துப்பாக்கிச் சத்தத்தில் அது யாருக்கும் கேட்கவில்லை.

எல்லாம் முடிந்து மண் தள்ளியபோது பெர்ட் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு பக்கத்தில் வந்தான். "எப்படி இருக்க ஹில்டா?"

"பரவாயில்ல பெர்ட்."

"அதான," என்றான், ரொம்ப ஆறுதலோடு.

இதற்கு நடுவில் வெந்த புண்ணில் வேல் பாய்ச்சின மாதிரி வந்தன கடிதங்கள். மாநிலம் முழுக்க இருந்து. எல்லாம் பெண்கள், எல்லோருக்கும் கேக் செய்முறை வேண்டும். ஐவி சாக்கில் கட்டிக் கொண்டு வந்து போட்டாள். ஹில்டா ஒவ்வொன்றுக்கும் கையால் எழுதிப் போட்டாள்: முட்டை ஆறு, சர்க்கரை ஒரு கோப்பை. ஆட்டுப்பட்டிக்குப் போக வேண்டிய நேரமெல்லாம் இப்போது சும்மா இருந்தது, எழுதுவதற்கு என்ன.

மார்ச் நடுவில் ஒரு கடிதம் பர்ச்சிலிலிருந்து. எழுதியவள் எட்னா பாட்டன், அழுத லெஸ்ஸின் மனைவி. "உங்கள் ஊரை டிவியில் பார்த்துப் பொறாமையாக இருந்தது. இங்கே ரயில் வந்தது, எங்கள் ஆடுகள் பிழைத்தன. ஆனால் அன்றிலிருந்து என் கணவரின் முகத்தை ஊரில் யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. அவர் கொண்டு வந்த புல்லைத்தான் எல்லோரும் போடுகிறார்கள். அவர் வீட்டை விட்டு வெளியே போவதே இல்லை. நீங்கள் எல்லோரும் எப்படித்தான் தைரியமாக இருந்தீர்கள்? முடிந்தால் கேக் செய்முறையும் எழுதவும்."

ஹில்டா மேஜையில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தாள். ஒரு பக்கம், இரண்டு பக்கம், ஐந்து பக்கம். நைஜல் ஃபேர்லியிடம் கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு சொன்னதையும், குழிக்கு அந்தப் பக்கம் நின்று கூப்பிட்டதையும் எழுதினாள். தைரியம் இருந்தது உங்கள் வீட்டுக்காரர் ஒருவருக்குத்தான், எங்கள் ஊரில் ஒருவருக்கும் இல்லை, எனக்கும் இல்லை என்று எழுதினாள். எழுந்து அடுப்பில் தண்ணீர் வைக்கப் போனாள். திரும்பி வந்தபோது க்ளெம் கடைசிப் பக்கத்தின் மேல் குனிந்திருந்தான். வருஷத்துக்கு ஒரு கையெழுத்து போடுகிற ஆள். அவள் எழுதியதற்குக் கீழே கோணல்மாணலாக எழுதியிருந்தான்: "கடைசிப் புல்லைப் பகட்டுக்காகப் போட்டுத் தீர்த்தவன் நான். உங்கள் கணவரிடம் சொல்லுங்கள், நானும் அழுதேன். கொட்டகைக்குள் போய்." பேனாவை வைத்துவிட்டு வெளியே போய்விட்டான்.

மறுநாள் காலை மழை வந்தது. குழியை மூடிய பதினேழாம் நாள். தகரக் கூரையில் கல்லை வாரிக் கொட்டின மாதிரி. ஊரே ரோட்டில் நனைந்துகொண்டு நின்றது; எர்ன் டகெட் நடுரோட்டில் தொப்பியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார். ஹில்டா மேலங்கிக்குள் கடிதத்தை வைத்துக்கொண்டு தபால் நிலையத்துக்குள் நுழைந்தாள்.

ஐவி முகமெல்லாம் பல்லாக இருந்தாள். "வந்துருச்சு பாத்தியா! நான் சொன்னேன்ல. எப்படி இருக்க ஹில்டா?"

ஹில்டா கடிதத்தை மேஜையில் வைத்தாள்.

"நல்லா இல்ல, ஐவி."

ஐவிக்கு முதலில் காதில் விழுந்தது மனதில் ஏறவில்லை. முப்பது வருஷமாக அந்த மேஜைக்குப் பின்னால் நிற்கிறவள், இப்படி ஒரு பதிலை அவள் கேட்டதே இல்லை. வேறு யாராவது கேட்டுவிட்டார்களா என்று வாசலைப் பார்த்தாள். தபால் தலையை எடுத்தாள், வைத்தாள். மழை கொட்டிக்கொண்டே இருந்தது.

அப்புறம் போய்க் கதவைச் சாத்தினாள். 'மூடியுள்ளது' என்ற அட்டையைக் காலை பத்தரை மணிக்குத் திருப்பி மாட்டினாள். உள்ளே போய் ஒரு தட்டையும் இரண்டு கோப்பையையும் கொண்டு வந்து வைத்துவிட்டு, ஸ்டூலை ஹில்டாவின் பக்கமாக இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"நானும்தான்," என்றாள். "நவம்பர்லேர்ந்து நல்லா இல்ல. சொல்லு. முதல்லேர்ந்து சொல்லு."

கேக் வழக்கம்போல எழும்பவில்லை. ஹில்டா இரண்டு துண்டு சாப்பிட்டாள்.